பொழுது நெய்பவர்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கன்னியாகுமரி மாவட்டத்தைக் களமாக வைத்து நான் எழுதிவரும் கதைகளில் ஒரு கைவினைஞர் கூட்டம் வருகிறது. தறியில் நேரத்தை நெய்கிறவர்கள். கதைகளைப் படித்தவர்கள் அவர்களைப் பற்றித் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளையும் என் பதில்களையும் இங்கே சேர்த்து வைத்திருக்கிறேன். கதைகளைப் படிக்காதவர்களுக்கும் புரியும்.

இப்படி ஒரு கூட்டம் உண்மையில் இருந்ததா?

இல்லை. கூட்டமும் தறியும் துணியும் முழுக்கக் கற்பனை. கல்வெட்டு, செப்பேடு என்று எதுவும் கிடையாது, தேடி அலைய வேண்டாம். ஆனால் அவர்களைச் சுற்றியிருக்கும் ஊர், கடல், வெயில், கணக்கு, வரலாறு எல்லாம் நிஜம். எது கற்பனை, எது நிஜம் என்று அந்தந்த இடத்திலேயே சொல்லிவிடுகிறேன்.

நெசவு என்றால் காஞ்சிபுரம், ஆரணி என்றுதானே நினைவு வரும்? ஏன் கன்னியாகுமரி?

ஒரு சேவலால்.

குமரிமுனையில் பகவதி ஏன் கன்னியாகவே நிற்கிறாள் என்பதற்கு ஊரில் சொல்லும் கதை பலருக்குத் தெரிந்திருக்கும். சுசீந்திரத்து ஈசனுக்கும் தேவிக்கும் கல்யாணம் நிச்சயமாகிறது. விடிவதற்குள் முகூர்த்தம். ஆனால் பாணாசுரனைக் கன்னிப்பெண்தான் கொல்ல முடியும் என்பது வரம். கல்யாணம் நடந்துவிட்டால் அவனை யார் கொல்வது? மாப்பிள்ளை நடுராத்திரியில் சுசீந்திரத்திலிருந்து புறப்பட்டு வந்துகொண்டிருக்கும்போது நாரதர் சேவலாகிக் கூவுகிறார். விடிந்துவிட்டது, முகூர்த்தம் தப்பிவிட்டது என்று நினைத்து ஈசன் வந்த வழியே திரும்பிவிடுகிறார். பந்திக்கு வைத்திருந்த அரிசியும் பயறும் சமைக்காமலே கடற்கரை மணலாகிவிட்டன. இன்றும் குமரிக் கரையில் பல நிறத்து மணல் கிடக்கிறது.

இதுவரை ஊர்க்கதை. இதற்கு மேல் என் கற்பனை. சேவல் கூவியதற்கும் உண்மையில் விடிந்ததற்கும் நடுவே சில நாழிகைகள் இருந்திருக்கும் இல்லையா? ஈசனுக்கு அது போய்விட்ட நேரம். தேவிக்கோ வராத நேரம். இருவருக்கும் வேண்டாமல் போன அந்தப் பொழுது மணலோடு மணலாகக் கிடக்க, அதை முதலில் பொறுக்கி எடுத்தவர்கள்தான் இந்தக் கூட்டத்தின் மூதாதையர். அதனால்தான் அவர்களுடைய முதல் விதி, வராத பொழுதை வந்ததாகச் சொல்லக் கூடாது என்பது. அவர்கள் வீடுகளில் கோழி உண்டு, சேவல் கிடையாது. 

தொழில் சார்ந்த காரணம் ஒன்றும் இருக்கிறது. நெசவில் பாவு, அதாவது நீளவாக்கு நூல், ஓட்ட இரண்டு பக்கமும் முளை அடிக்க வேண்டும். ஒரு நாளைப் பாவாக நீட்ட வேண்டுமென்றால் ஒரு முளை உதயத்திலும் இன்னொன்று அஸ்தமனத்திலும் இருந்தாக வேண்டும். சூரியன் கடலிலிருந்து எழுவதையும் கடலிலேயே இறங்குவதையும் ஒரே ஊரில் நின்று பார்க்க முடிகிற இடம் குமரிமுனை. நாளின் இரண்டு முனையையும் நடந்தே போய்க் கட்டிவிட்டு வரலாம்.

நேரத்துக்கு நூல் எங்கிருந்து கிடைக்கிறது?

இந்தக் கேள்விக்குத்தான் அதிகம் யோசித்தேன். மந்திரம் போட்டு வருகிறது என்று எழுத எனக்கு மனம் வரவில்லை.

நம் கைக்கடிகாரம் காட்டுவது இந்திய நேரம். 1906-இல் வந்தது. அது கிழக்கு 82½ பாகைத் தீர்க்கரேகையை ஒட்டி வகுத்தது. அந்தக் கோடு உத்தரப்பிரதேசத்தில் மிர்சாப்பூர் பக்கம் போகிறது. கன்னியாகுமரி இருப்பது 77½ பாகையில். ஒரு பாகைக்கு 4 நிமிடம் வீதம் கணக்குப் பார்த்தால், நம் தலைக்கு மேல் சூரியன் உச்சிக்கு வருவது கடிகாரத்தின் 12 மணிக்குச் சராசரியாக 20 நிமிடம் கழித்துத்தான். இது நிஜம். சித்திரையோ மார்கழியோ ஒரு கம்பை நட்டு நிழலைப் பார்த்தால் தெரிந்துவிடும்.

அந்த 20 நிமிடம்தான் கூட்டத்தின் நூல். கடிகாரம் உச்சி என்று சொல்லிவிட்டது, சூரியன் இன்னும் சொல்லவில்லை. நடுவில் கிடக்கும் நேரத்துக்கு உரிமைக்காரர் யாருமில்லை. அதைச் சிட்டம் சிட்டமாகச் சுற்றி எடுக்கிறார்கள்.

சராசரி என்று சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. பூமியின் பாதை சரியான வட்டம் இல்லை, அச்சும் சாய்ந்திருக்கிறது. அதனால் நவம்பர் முதல் வாரத்தில் உச்சி 12:04-க்கே வந்துவிடும், பிப்ரவரி நடுவில் 12:34 ஆகிவிடும். ஐப்பசியில் நூல் சுற்றும் தார்க்குச்சியில் நூல் மெலிந்திருப்பதும் தை கடைசியில் கை கொள்ளாமல் பருத்திருப்பதும் கதைகளில் வருவது இதை வைத்துத்தான்.

அப்படியானால் மேற்கே போகப் போக நூல் கூடுமே? துவாரகையில் இதைவிட அதிகம் கிடைக்குமே?

கிடைக்கும். 54 நிமிடம். சென்னையில் 9 நிமிடம்தான். நூல் நீளத்தை மட்டும் பார்த்தால் துவாரகைக்குப் பக்கத்தில்கூட நாம் நிற்க முடியாது.

ஆனால் நூல் நீளமாக இருந்தால் மட்டும் போதாது, பாவு ஒரே இழுப்பில் நிற்க வேண்டும். கன்னியாகுமரியில் வருஷத்தின் மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் வித்தியாசம் ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. டெல்லியில் அது மூன்றரை மணி நேரத்தைத் தாண்டும். பகல் அப்படி நீண்டும் சுருங்கியும் போனால் பாவு ஒரு மாதம் தொய்யும், ஒரு மாதம் அறும். வடக்கே போகப் போக நெய்வது சிரமம் என்று கதையில் மூத்தவர்கள் சொல்வது இதனால்தான்.

தறி எப்படி இருக்கும்?

சாதாரணக் குழித்தறிதான். தரையில் குழி, அதில் கால் இறக்கி மிதியை மிதிக்க வேண்டும். விழுது, அச்சு (இழைகளைப் பிரித்து நிறுத்தும் சீப்பு), நாடா, படைமரம் எல்லாம் உண்டு. வடசேரிப் பக்கம் கைத்தறியில் உட்கார்ந்தவர் யாராவது உள்ளே வந்தால் எதையும் புதிதாகக் கேட்க வேண்டியிருக்காது.

வித்தியாசம் இழைக் கணக்கில் இருக்கிறது. நம் பழைய கணக்கில் ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 60 விநாழிகை. நாழிகை என்பது 24 நிமிடம், விநாழிகை 24 நொடி. ஆக ஒரு நாளின் பாவுக்கு 3600 இழை. இந்த எண்ணைப் போட்டுப் பார்த்தபோது எனக்கே சிலிர்த்தது. அங்குலத்துக்கு 72 இழை வீதம் 50 அங்குல அகலத்துக்குப் பாவு பூட்டினால் சரியாக 3600 இழை வரும். அது ஒரு நல்ல வேட்டியின் அகலம். ஒரு நாளை நெய்தால் ஒருவர் உடுத்துகிற அகலத்துக்கு வருகிறது என்பதைவிட நல்ல அளவை நான் கற்பனையில் செய்திருக்க முடியாது.

நாழிகை அளக்க வட்டில் வைத்திருக்கிறார்கள். அடியில் சிறு துளையிட்ட கிண்ணம். தண்ணீரில் மிதக்க விட்டால் மெல்ல நிரம்பி ஒரு நாழிகையில் முழுகும். சங்க காலத்துப் பாசறையிலேயே நீரை வைத்துப் பொழுது அளந்து சொல்ல ஆட்கள் இருந்ததை முல்லைப்பாட்டு காட்டுகிறது. 1956-க்குப் பிறகு இன்னொரு பழக்கமும் சேர்ந்துகொண்டது. அந்த வருஷம் கட்டி முடித்த குமரிமுனைக் காந்தி மண்டபத்தில், அக்டோபர் 2 உச்சிவேளையில் அஸ்திக் கலசம் வைத்திருந்த இடத்தில் வெயில் விழும்படி கூரை அமைத்திருக்கிறார்கள். அது நிஜம். அன்றைக்கு அங்கே போய் நின்றுவிட்டு வந்துதான் கூட்டத்தார் தறியின் அச்சைச் சரிபார்ப்பார்கள். அது கதை.

நெய்த துணியை வைத்து என்ன செய்யலாம்? இறந்த காலத்துக்குப் போகலாமா?

போக முடியாது. எதிர்காலத்துக்கும் முடியாது.

பெரும்பாலும் நெய்வது ஒரு நாழிகைத் துவர்த்து, அதாவது துண்டு. தோளில் போட்டால் போட்டவருக்கு 24 நிமிடம் கூடுதலாகக் கிடைக்கும். வெளியே யாருக்கும் தெரியாது, கடிகார முள்ளும் நகராது. ஆனால் அந்த நேரம் கை எட்டும் தூரத்துக்குள் மட்டும்தான். எழுந்து ஓட முடியாது, பஸ் பிடிக்க முடியாது, படகைத் திருப்ப முடியாது. எதிரில் இருப்பவரோடு பேசலாம். கையைப் பிடித்துக்கொண்டு சும்மா இருக்கலாம். அவ்வளவுதான். முடிந்ததும் துணி வெறும் பருத்தி ஆகிவிடும். கிழித்து விளக்குத் திரி ஆக்கிக்கொள்வார்கள்.

இன்னொரு கட்டுப்பாடு. பாவு, சூரியன் விட்டுப்போன நூல். ஊடு, அதாவது குறுக்கு நூல், மட்டும் ஒரு மனிதர் தன் ஆயுளிலிருந்து தருவது. தூத்தூர்க் கரையில், ஆழ்கடலுக்குப் போன வீட்டுக்காரர் வரவுக்காகக் காத்திருக்கும் ஒரு பெண் ஒரு நாழிகை தருகிறாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்தத் துணியை அவள் உடுத்த முடியாது. வேறு யாரோ ஒருவருக்குத்தான் அது வேலை செய்யும். தனக்கென்று யாரும் நெய்துகொள்ள முடியாது. தனி ஆளாக நேரத்தைச் சேர்த்து வைக்கிற வித்தையாக இதை எழுத நான் விரும்பவில்லை. நேரம் என்பது இன்னொருவர் நமக்காக உட்காருவதுதான் என்று நான் நம்புகிறேன். துணியின் விதி முழுக்க அதிலிருந்து வந்தது.

பணம் கொடுத்து வாங்கலாமா?

முடியாது.

அப்புறம் யாருக்குக் கிடைக்கும்?

கணக்கைப் பாருங்கள். ஒரு நாளைக்கு 20 நிமிடம் என்றால் ஆறு நாளைக்கு 120 நிமிடம், அதாவது 5 நாழிகை. வருஷம் முழுக்கச் சேர்த்தாலும் ஏறக்குறைய 304 நாழிகைதான். முழுசாக ஐந்து நாள் ஆகி, கொஞ்சம் மிஞ்சும். ஒரு மாவட்டத்துக்கே அவ்வளவுதான்.

அதனால் கூட்டத்தின் பெரிய வேலை நெய்வதைவிட முடிவெடுப்பதில் இருக்கிறது. என் கதைகளில் பாதி இந்தச் சண்டைதான். ஆசாரிப்பள்ளம் ஆஸ்பத்திரி வராந்தாவில் இருக்கும் மகனுக்கா, அரபு நாட்டுக்கு விமானம் ஏறப்போகிற தகப்பனுக்கா, பரீட்சை முடிவு பார்த்துவிட்டு ரூமுக்குள் கதவடைத்துக்கொண்ட பிள்ளையின் அம்மாவுக்கா? வரிசை கிடையாது, விண்ணப்பம் கிடையாது. ஐந்து பேர் உட்கார்ந்து பேசித் தீர்ப்பார்கள், பல சமயம் தப்பாகவும் தீர்ப்பார்கள். அந்தத் தப்பைச் சுமந்துகொண்டு மறுநாளும் தறியில் இறங்க வேண்டும்.

கூட்டத்தில் யார் சேரலாம்? இது ஒரு சாதியின் தொழிலா?

இதில் எனக்குக் கொஞ்சமும் சந்தேகம் வந்ததில்லை. யாரும் சேரலாம். பிறப்பால் வருகிற உரிமை இங்கே கிடையாது.

துணியை வைத்து மனிதரைப் பிரித்த மண் இது. திருவிதாங்கூர் ஆட்சியில் ஒடுக்கப்பட்ட சாதிப் பெண்கள் மார்பை மறைத்து மேலாடை அணியத் தடை இருந்தது. தெருவில் சேலையைக் கிழித்தார்கள், வீடுகளைக் கொளுத்தினார்கள். பல பத்தாண்டுகள் நீண்ட தோள்சீலைப் போராட்டத்துக்குப் பிறகு 1859-இல்தான் மன்னரின் அறிவிப்பு வந்தது. அதிலும் மேல்சாதிப் பெண்களைப் போல உடுத்தக் கூடாது என்ற நிபந்தனையோடு. ஆண்கள் தலைப்பாகை கட்டக்கூட உரிமையில்லாதிருந்த காலத்தில் அய்யா வைகுண்டர் தன் மக்களைத் தலைப்பாகை கட்டச் சொன்னார். அவருடைய பதி இருக்கும் சுவாமித்தோப்பில் இன்றும் ஆண்கள் தலைப்பாகையோடுதான் வணங்குகிறார்கள்.

இப்படிப்பட்ட ஊரில் ஒரு நெசவுக் கூட்டத்தைக் கற்பனை செய்துவிட்டு, யார் உடுத்தலாம் என்பதற்கு அங்கேயும் ஒரு வேலி போட்டால் அதைவிடக் கேவலம் இல்லை. இவர்கள் நெய்த துணியை யாருடைய தோளுக்கும் மறுக்கக் கூடாது. விதிகளில் இது இரண்டாவது.

அவர்கள் பின்பற்றுவது எந்த நாட்காட்டி?

இரண்டும். 1956 நவம்பர் 1 வரை தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்தவை. கி.பி. 825-இல் தொடங்கும் கொல்லம் ஆண்டும் இங்கே புழங்கியது. அதன்படி வருஷம் பிறப்பது சிங்க மாதத்தில், நம் ஆவணியில். தமிழ்க் கணக்கில் சித்திரையில். நாஞ்சில் நாட்டு வயலில் நெல் போகத்துக்கே கன்னிப்பூ, கும்பப்பூ என்று கொல்லம் மாதப் பெயர்கள்தான். ஆக ஒரே வீட்டில் வருஷம் இரண்டு தடவை பிறக்கும். கூட்டத்தார் சித்திரையில் பாவு பூட்டுவார்கள், சிங்கத்தில் கணக்கு முடிப்பார்கள்.

மழைக்காலத்தில் என்ன செய்வார்கள்?

சிரமப்படுவார்கள். பாவைத் தெருவில் நீட்டிக் கஞ்சி போட்டு ஆற்ற வெள்ளனே வெயில் வேண்டும். இந்த மாவட்டத்தில் தென்மேற்குப் பருவமும் பெய்யும், வடகிழக்குப் பருவமும் பெய்யும். அந்த மாதங்களில் நூல் சுற்றுவதோடு நிறுத்திக்கொள்வார்கள்.

2004 டிசம்பர் 26, சுனாமி அன்று இவர்கள் என்ன செய்துகொண்டிருந்தார்கள்? ஒருவரையாவது காப்பாற்றியிருக்கக் கூடாதா?

கடலோரத்துக்காரர்கள் கேட்கும் கேள்வி இது. கேட்பவர்களில் சிலர் வீட்டிலேயே ஆள் போயிருக்கும். யோசிக்காமல் ஒரு வரியில் பதில் சொல்ல எனக்கு வாய் வராது.

அன்று ஞாயிற்றுக்கிழமை, கிறிஸ்துமஸுக்கு மறுநாள். சுமத்ராவுக்கு அருகே கடலடியில் பூமி அதிர்ந்தது நம் நேரப்படி காலை 6:29-க்கு. குளச்சல், கொட்டில்பாடு, மணக்குடி என்று நம் கரையில் அலை ஏறியது மூன்று மணி நேரத்துக்கும் மேல் கழித்து. மூன்று மணி நேரம் என்பது ஏழரை நாழிகை, ஒரு முழுச் சாமம். மணக்குடிப் பாலமே பெயர்ந்துபோனது. நூற்றுக்கணக்கானோர் மாண்டார்கள்.

ஒரு சாமம் இருந்தது. குழந்தையைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு நடந்து போகவும், திரும்பி வந்து பாட்டியைக் கூட்டிப்போகவும் அது போதும். இந்தியப் பெருங்கடலுக்கு அப்போது எச்சரிக்கை அமைப்பு இல்லை. ஹைதராபாத்தில் அதற்கான எச்சரிக்கை மையம் செயல்படத் தொடங்கியது 2007-இல். அன்று குறைந்தது நேரம் இல்லை, சொல்ல வேண்டிய சொல். அது கரைக்கு வந்து சேரவில்லை.

ஆகவே நேரம் நெய்பவர்கள் அன்று வந்து 24 நிமிடத்தைக் கூட்டிக் கொடுத்துக் காப்பாற்றியதாக எழுத மாட்டேன். அப்படி எழுதினால் நேரம்தான் போதவில்லை என்ற பொய்யை நானும் சொன்னவன் ஆவேன். அந்த நாளைப் பிரித்து மறுபடி நெய்வதாகவும் எழுத மாட்டேன். இறந்துபோனவர்கள் யாருடைய கதைக்கும் நூல் இல்லை.

கதையில் அதற்குப் பிறகு நடப்பது இது. அந்த வருஷப் பாவை ஒரு முழம்கூட நெய்யாமல் சுருட்டி வைக்கிறார்கள். கூட்டத்துக்கு மூன்றாவது விதி வருகிறது. தெரிந்த சேதியை உடனே கரைக்குக் கொண்டுபோக வேண்டும், தறியை அப்படியே விட்டுவிட்டாவது. ஒவ்வொரு கடற்கரை ஊருக்கும் ஓர் ஆள். 2017 நவம்பர் கடைசியில் ஒக்கிப் புயல் வந்தபோது அந்த விதியும் தோற்கிறது. எச்சரிக்கை வருவதற்கு முன்பே ஆழ்கடலுக்குப் போய்விட்டவர்களை எட்ட வழியில்லை. அந்தத் தோல்வியை மறைக்காமல் எழுதியிருக்கிறேன். கடலுக்குள்ளே சொல் எப்படிப் போய்ச் சேரும் என்பதைத்தான் இப்போது எழுதிவரும் கதையில் கூட்டத்தார் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

கடிகாரம் அவர்களுக்குப் பகையா?

இல்லவே இல்லை. கடிகாரம் இல்லையென்றால் அந்த 20 நிமிடமே கிடைக்காது. நாகர்கோவில் மணிமேடைக் கடிகாரத்தையும் பத்மநாபபுரம் அரண்மனையின் பழைய மணிக்கூண்டையும் பார்த்தால் கூட்டத்துப் பிள்ளைகள் கும்பிட்டுவிட்டுத்தான் போவார்கள். அந்த அரண்மனை நம் மாவட்டத்தில் இருந்தாலும் பராமரிப்பது கேரள அரசு என்பது வெளியூர்க்காரர்கள் பலருக்குத் தெரியாது.

புதிதாகச் சேருகிற பிள்ளைகளுக்கு என்ன சொல்லிக் கொடுப்பார்கள்?

முதல் வருஷம் அறுந்த இழை கூட்டுவது மட்டும்தான். ஒரு கதையில் வரும் சின்னப் பெண் நூலை வெடுக்கென்று இழுப்பாள். தறியில் இருக்கும் பெரியவர் சொல்வார்: "பைய இழு மக்கா. அறுந்தத கூட்டிக் கெட்டலாம். முறுக்கு ஏறிட்டுன்னா தூரத்தான் போடணும்." அவள், "தூரப் போட்டா அது யாருக்க நேரம் பாட்டா?" என்று கேட்பாள். அவருக்குப் பதில் தெரியாது. இரண்டு நாள் கழித்து வேறு ஒருவர் பதில் சொல்வார். அது அந்தக் கதையிலேயே இருக்கட்டும்.

இந்தக் கூட்டத்தை வைத்து நாங்களும் கதை எழுதலாமா?

தாராளமாக எழுதுங்கள். உங்கள் ஊருக்குக் கொண்டுபோங்கள், உங்கள் ஊருக்கு எத்தனை நிமிடம் நூல் கிடைக்கும் என்று தீர்க்கரேகையை வைத்துக் கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். 82½-லிருந்து உங்கள் ஊரின் பாகையைக் கழித்து 4-ஆல் பெருக்கினால் போதும். கோயம்புத்தூருக்கு ஏறக்குறைய 22 நிமிடம் வரும், மதுரைக்கு 17-18.

பெயர், சடங்கு, தறி எதை வேண்டுமானாலும் மாற்றலாம். மூன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள்: கொடுத்தவர் உடுத்தக் கூடாது, யாருக்கும் மறுக்கக் கூடாது, விலைக்கு விற்கக் கூடாது. எழுதி முடித்தால் எனக்கும் ஒரு பிரதி அனுப்புங்கள். குறிப்பாகக் கிழக்குக் கரைக்காரர்கள் யாராவது எழுதினால் படிக்க ஆசை. நாகப்பட்டினத்தில் நூல் 11 நிமிடத்துக்குள்தான் கிடைக்கும், அவ்வளவு குறைந்த நூலை வைத்துக்கொண்டு அவர்கள் யாருக்கு முதலில் நெய்வார்கள் என்று தெரிந்துகொள்ள வேண்டும்.